அப்பத்தா பெயரில் வேறு யாரோ ஓட்டுப் போட்டுவிட்டார்கள். அப்பத்தாவுக்குக் கொடுத்த சீட்டை எண்ணினார்களா?

காரைக்குடிப் பேத்தி:

2024 ஏப்ரல் 19 அன்று அப்பத்தாவை ஓட்டுப் போட அழைத்துப் போனேன். காரைக்குடியில் இருந்து அரை மணி நேரத்தில் எங்கள் ஊர். ஊர்ப்பெயர் வேண்டாம். அப்பத்தாவுக்கு அப்போது 81 வயது. காலை ஏழு மணிக்கே கண்டாங்கிச் சேலை கட்டிக்கொண்டு முகப்பில் வந்து உட்கார்ந்துவிட்டார்கள். எங்கள் கோயில் வரிக் கணக்கில் கணவனும் மனைவியும் சேர்ந்தால் ஒரு புள்ளி. ஐயா (தாத்தா) இறந்த பிறகு அப்பத்தா அரைப்புள்ளி. "ஓட்டுல மட்டுந்தான் ஆத்தா நான் இன்னும் முழுப்புள்ளி" என்று ஒவ்வொரு தேர்தலுக்கும் சொல்வார்கள்.

பத்து மணிக்குப் பூத்துக்குப் போனோம். முதல் மேசையில் இருந்தவர் பட்டியலைப் பார்த்துவிட்டு, "இந்த வரிசை எண்ணுக்கு ஓட்டுப் பதிவாகிவிட்டதே" என்றார். அப்பத்தா இடது கை விரலை நீட்டிக் காட்டினார்கள். மை இல்லை. தலைமை அலுவலர் அடையாள அட்டையைப் பார்த்தார், இரண்டு கேள்வி கேட்டார், ஒரு படிவத்தில் கையெழுத்து வாங்கிக்கொண்டு காகித வாக்குச்சீட்டும் ரப்பர் முத்திரையும் கொடுத்தார். அந்தக் காலத்தில் குத்திய முத்திரை என்று அப்பத்தாவுக்கு முதலில் சந்தோஷம்தான். ஆனால் மடித்துக் கொடுத்த சீட்டைப் பெட்டி எதிலும் போடாமல் ஓர் உறைக்குள் வைத்தார் அவர். "சத்தம் வரலையே, விளக்கு எரியலையே" என்று வீடு வந்து சேரும்வரை கேட்டுக்கொண்டே வந்தார்கள். எனக்குப் பதில் தெரியவில்லை.

அந்தச் சீட்டை எண்ணினார்களா? இல்லையென்றால் எதற்குக் கொடுத்தார்கள்? உள்ளே மூன்று கட்சி ஏஜெண்டுகள் இருந்தும் யாருமே கவனிக்கவில்லையே, அவர்கள் எதற்கு? இப்போது ஒரு கட்சியில் என்னையே அடுத்த தேர்தலுக்கு ஏஜெண்டாக உட்காரச் சொல்கிறார்கள். அதனால்தான் கேட்கிறேன்.

தேவகோட்டை வாத்தியார்:

எண்ணவில்லை அம்மா. ஆறு தேர்தல்களில் தலைமை அலுவலராக இருந்திருக்கிறேன். இந்தப் பதிலை வாக்காளரிடம் நேராகச் சொல்ல நேர்ந்தபோதெல்லாம் எனக்கும் கஷ்டமாகத்தான் இருந்தது.

அதற்கு டெண்டர் ஓட்டு என்று பெயர். 1961ஆம் ஆண்டுத் தேர்தல் நடத்தை விதிகளில் 49பி (49P). வாக்கு எண்ணும் நாளில் அந்த உறையைப் பிரிக்கவே மாட்டார்கள். தேர்தல் வழக்கு நடந்து நீதிமன்றம் கேட்டால்தான் பிரிப்பார்கள். காரணம், அப்பத்தா பெயரில் பதிவான ஓட்டு எந்திரத்துக்குள் எது என்று எண்ணும் மேசையில் யாராலும் சொல்ல முடியாது. வாக்கு ரகசியம் என்பதே அதுதான். அந்த ஓட்டைக் கழிக்க முடியாதபோது இந்தச் சீட்டையும் கூட்டினால் ஒரு பெயருக்கு இரண்டு ஓட்டு ஆகிவிடும்.

ஆனாலும் அந்தச் சீட்டு காணாமல் போய்விடவில்லை. அப்பத்தா கையெழுத்துப் போட்டது 17பி (17B) படிவம். மாலை ஆறு மணிக்கு மேல் பூத்தின் மொத்தக் கணக்கையும் 17சி படிவத்தில் எழுதுவோம். அதில் டெண்டர் சீட்டுக்கென்றே தனி வரி உண்டு. அந்த வரியில் "1" என்று எழுதியிருப்பார்கள். உட்கார்ந்திருக்கும் ஏஜெண்டுகளுக்கு அதன் நகலைக் கொடுத்தாக வேண்டும். அதாவது, இந்தப் பூத்தில் ஒருவருக்கு இப்படி நடந்தது என்பதற்குக் கட்சிகளின் கையிலேயே சாட்சி இருக்கிறது.

ஏஜெண்டு எதற்கு என்று கேட்டாய். என்னைப் போன்ற அலுவலர்களுக்குச் சொந்தத் தொகுதியில் வேலை போட மாட்டார்கள். முன்பின் பார்க்காத ஊர். வரிசையில் நிற்கிற எல்லோருமே எனக்கு அந்நியர்கள். பட்டியலில் இருக்கும் படம் தபால்தலை அளவு, அதுவும் கறுப்பாக இருக்கும். ஊர்க்காரனுக்குத்தான் முகம் தெரியும். ஒருவரை ஒருவர் நம்பாத மூன்று கட்சிக்காரர்களைப் பக்கத்துப் பக்கத்தில் சட்டம் உட்கார வைப்பது இதற்குத்தான்.

சந்தேகம் வந்தால் ஏஜெண்டு இரண்டு ரூபாய் கட்டி ஆட்சேபிக்கலாம். என் சர்வீஸில் ஒரே ஒரு தடவை ஒரு பையன் என் மேசையில் இரண்டு ரூபாய் நாணயத்தை வைத்தான். வந்தவர் தாடி வளர்த்திருந்த உள்ளூர் மாப்பிள்ளை. விசாரித்தேன், அவரேதான் என்று தெரிந்தது, ஓட்டுப் போட்டார். பையன் நல்லெண்ணத்தோடு கேட்டதால் நாணயத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். வீம்புக்குச் செய்திருந்தால் அந்தப் பணம் அரசுக்குப் போயிருக்கும்.

திருட்டு ஓட்டு என்று முடிவு கட்டுவதற்கு முன் ஒன்று பார். உங்கள் பக்கம் அப்பத்தா பெயரைப் பேத்திக்கும், ஐயா பெயரைப் பேரனுக்கும் வைப்பீர்கள். ஒரே ஊரில் எத்தனை மீனாட்சி, எத்தனை உமையாள்! கணவர் பெயரும் ஒன்றாகவே இருந்துவிட்டால் தவறான வரிசை எண்ணில் கோடு போடுவது சுலபம். நானே ஒரு முறை போட்டுவிட்டு, வாக்காளர் கையெழுத்திடும்போது கண்டுபிடித்துத் திருத்தியிருக்கிறேன்.

செக்காலை அண்ணன்:

நான் இருபது வருடமாக ஏஜெண்டு. வாத்தியார் சொல்வது சரி, ஆனால் என் கைக்கு வந்த பட்டியலில் படமே இருந்ததில்லை. பெயர், வயது, கதவு எண், அவ்வளவுதான். முன்பெல்லாம் ஆள் நடந்து வரும்போதே இன்னார் வீட்டு மருமகள் என்று சொல்லிவிடுவோம். இப்போது எங்கள் தெருவில் பதினெட்டு வளவு வீட்டில் பதினொன்று பூட்டிக் கிடக்கிறது. சென்னையிலும் கோயம்புத்தூரிலும் இருந்து தேர்தலுக்கு மட்டும் வருகிற ஆச்சிகளின் முகம் எனக்கே தெரியாது. பூட்டிய வீட்டுப் பெயர்கள்தான் கள்ள ஓட்டுக்கு வசதி.

இன்னொன்றும் மனம்விட்டுச் சொல்கிறேன். ஒரு வேட்பாளருக்கு ஒரு பூத்தில் ஓர் ஏஜெண்டும் அவரை மாற்றிவிட இரண்டு பேரும் இருக்கலாம். பல பூத்தில் அந்த இரண்டு பேர் வருவதே இல்லை. சாப்பாட்டு நேரத்தில் நாற்காலி காலி. நீங்கள் உட்காருவதானால் மாற்று ஆள் இரண்டு பேரையும் இப்போதே பிடித்து வையுங்கள். காலையில் ஒன்றரை மணி நேரம் முன்னதாகவே போய்விடுங்கள். மாதிரி ஓட்டு குறைந்தது ஐம்பது போட்டுக் காட்டுவார்கள். அதை அழித்த பிறகு எந்திரத்தில் பூஜ்யம் தெரிவதைக் கண்ணால் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

கீழத்தெரு:

அந்தத் தேர்தலில் நம் சிவகங்கைத் தொகுதியில் வாக்கு வித்தியாசமே இரண்டு லட்சத்துக்கு மேல். ஒரு ஓட்டுக்கு இவ்வளவு அலைச்சல் தேவையா?

தேவகோட்டை வாத்தியார்:

தம்பி, இதே சிவகங்கையில் 2009இல் வித்தியாசம் 3,354. வழக்கும் நடந்தது. 2008இல் ராஜஸ்தானின் நாத்துவாரா தொகுதியில் சி.பி. ஜோஷி 62,215 வாக்கு வாங்கி ஒரே ஒரு வாக்கில் தோற்றார். அங்கே பிரச்சினையானதே டெண்டர் ஓட்டுகள்தான். 2011இல் உச்ச நீதிமன்றம் வரை போனது. எந்தத் தேர்தல் இரண்டு லட்சம், எந்தத் தேர்தல் ஒன்று என்று காலையில் பூத்துக்குப் போகிற யாருக்கும் தெரியாது. அந்த அம்மாள் பீப் சத்தம் கேட்காமல் வீடு திரும்பியது எனக்கு மனதை அறுக்கிறது.

காரைக்குடிப் பேத்தி:

வாத்தியார் ஐயா, நீங்கள் சொன்ன மாதிரிதான் இருக்கிறது. பட்டியலை இறக்கிப் பார்த்தேன். அதே பெயர், அதே கணவர் பெயர், இரண்டு வயது இளையவர் ஒருவர் அடுத்த பக்கத்தில் இருக்கிறார். சென்னையில் இருக்கும் அந்த ஆச்சிக்குப் போன் போட்டேன். அன்று காலை எட்டு மணிக்கே ஓட்டுப் போட்டுவிட்டு ரயிலுக்குக் கிளம்பிவிட்டாராம். வெளியே மேசை போட்டிருந்த கட்சிக்காரர்கள் எழுதிக் கொடுத்த சீட்டைத்தான் உள்ளே நீட்டியிருக்கிறார். அதில் இருந்தது அப்பத்தாவின் எண்ணாகத்தான் இருக்க வேண்டும். ஆச்சி பதறிப்போய், "நான் வேணும்னு செய்யலை, உங்க அப்பத்தாகிட்ட சொல்லிருங்க" என்றார். சொன்னேன். அப்பத்தாவுக்கு அவரை நாற்பது வருடப் பழக்கமாம். இவர்களைத் தவிர இரண்டு பேரையும் பிரித்துச் சொல்லக்கூடிய ஒருவர்கூட அன்றைக்கு அந்த அறையில் இல்லை.

ஏஜெண்டாக உட்காருவதாகச் சொல்லிவிட்டேன். மாற்று ஆளாக என் அயித்தை மகன் ஒருவன், பக்கத்து வீட்டுப் பெண் ஒருவர். அண்ணன் சொன்ன பூட்டிய வீட்டுப் பிரச்சினைக்கு அப்பத்தாதான் வழி. ராத்திரி சாப்பிட்டதும் பட்டாலையில் பட்டியலை விரித்து நான் ஒவ்வொரு பெயராக வாசிக்கிறேன். "இவ மக வீட்டுல, மதுரையில." "இவர் போயிட்டாரு, பட்டுக்கரை போட்ட வேட்டிதான் கட்டுவாரு." "இவளுக்கு இடது புருவத்துல தழும்பு." பென்சிலால் ஓரத்தில் குறித்துக்கொண்டு வருகிறேன். இறந்தவர்களின் பெயரை நீக்கக் கேட்கும் படிவம் 7 தனியாக எடுத்து வைத்திருக்கிறேன். இதுவரை இரண்டு தெரு முடிந்திருக்கிறது.