மல்லியை வெட்டிய அன்று உங்கள் வீட்டில் என்ன நடந்தது?

கொருக்குப்பேட்டை மாடி:
குண்டுமல்லிதான். மாமியார் சிமெண்ட் தொட்டியில் வைத்தது, வயது பத்துக்கு மேல் இருக்கும். போன வருடம் பூ ரொம்பக் குறைந்துவிட்டது. கொடி போல நீண்டு வெறும் இலைதான். நவம்பர் கடைசியில் கவாத்து பண்ண வேண்டும் என்று தெரியும், பண்ணினேன். முழங்கால் உயரத்துக்கு விட்டுவிட்டு மீதியை எடுத்துவிட்டேன். அத்தையிடம் முன்கூட்டியே சொல்லவில்லை.

காய்ந்த துணியை எடுக்க மேலே வந்தவர் ஒரு வார்த்தை பேசவில்லை. வெட்டிப் போட்ட கிளைகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் புரட்டி மொட்டு தேடினார். அந்த மாதத்தில் என்ன இருக்கும்? ஐந்து கிடைத்தது. முந்தானையில் முடிந்துகொண்டு படியிறங்கிப் போனார். ஏப்ரலில் செடி கொத்துக் கொத்தாகப் பூத்தது, தினமும் தொடுத்துக் கொடுத்தேன், அத்தையும் வைத்துக்கொண்டார். ஆனாலும் அந்த ஐந்து மொட்டு என் மனதை விட்டுப் போகவில்லை. உங்களுக்கும் இப்படி ஏதாவது நடந்திருந்தால் எழுதுங்கள்.

எண்ணூர் கழிமுகம்:
2023. நானும் அதே நவம்பர் கடைசி வாரம்தான் வெட்டினேன். நான்கே நாளில் மிக்ஜாம் புயல். தண்ணீர் வந்தது, கூடவே சுத்திகரிப்பு ஆலைப் பக்கமிருந்து எண்ணெயும் வந்தது, அது எல்லாருக்கும் தெரியும். வடிந்த பிறகு பார்த்தால் சுவரில் இடுப்பு உயரத்துக்குக் கறுப்புக் கோடு. வாசலில் என் மல்லிக் குச்சிகள் தார் பூசியது போல நின்றன. பழைய லுங்கியைக் கிழித்து, சீயக்காய்த் தண்ணீரில் நனைத்து ஒவ்வொரு குச்சியாகத் துடைத்தேன். வீட்டுக்குள் பாத்திரமெல்லாம் அப்படியே கிடந்தது. அதை விட்டுவிட்டு ஏன் செடியிடம் போய் உட்கார்ந்தேன் என்று மனைவி கேட்டாள். எனக்கு இன்றைக்கும் பதில் தெரியவில்லை.

மூன்று செடி போயிற்று. ஒன்று மட்டும் அடியிலிருந்து துளிர்த்தது. அதனால் சொல்கிறேன், நவம்பர் கணக்கு நம் பக்கத்துக்கு ஆகாது. பொங்கல் கழித்து வெட்டுங்கள்.

பெரம்பூர் தோட்டம்:
எண்ணூர் அண்ணே, உங்கள் கஷ்டம் புரிகிறது. ஆனால் செடி போனது எண்ணெயால், கவாத்தால் இல்லை. வெட்டாமல் விட்டிருந்தாலும் வேர் அதே தண்ணீரில்தான் நின்றிருக்கும். பொங்கலுக்குப் பிறகு வெட்டினால் பூ தள்ளிப் போகும், மார்ச்சில் கிடைக்க வேண்டிய முதல் பூ கிடைக்காது. புயல் அறிவிப்பு இருந்தால் பத்து நாள் பொறுத்து வெட்டலாம், அவ்வளவுதான்.

என் அனுபவம் சின்னது. ஒரு தடவை முல்லையையும் மல்லியோடு சேர்த்து ஒரே நாளில் வெட்டிவிட்டேன். முல்லைக்கு ஜனவரி கடைசி, ஜாதிமல்லிக்கு டிசம்பர் கடைசி, குண்டுமல்லிக்குத்தான் நவம்பர் கடைசி. மூன்றும் ஒன்று என்று நினைப்பவர்கள் நிறைய இருக்கிறார்கள். குண்டுமல்லியைத் தரையிலிருந்து 50 சென்டிமீட்டர், முல்லையை 45 சென்டிமீட்டர் விட்டு வெட்ட வேண்டும். வெட்டுவதற்குச் சில நாள் முன்பே தண்ணீரை நிறுத்துங்கள். கத்தரி கூராக இருக்கட்டும், நசுங்கினால் அந்த இடம் அழுகும். கணுவுக்கு மேலே சாய்வாக வெட்டுங்கள். காய்ந்த குச்சி, உள்நோக்கி வளரும் குச்சி, ஒன்றோடொன்று உரசும் குச்சி மூன்றையும் அடியோடு எடுங்கள், நடுவில் வெயில் விழ வேண்டும். அப்புறம் மண்ணைக் கிளறி மக்கிய சாணம் போடுங்கள். நிலத்தில் உள்ள செடிக்கு 10 கிலோ வரை போடலாம், தொட்டிக்கு இரண்டு கைப்பிடி போதும். மல்லி புதுத் துளிரின் நுனியில்தான் பூக்கும், வெட்டினால்தான் துளிர் வரும். கொருக்குப்பேட்டைத் தங்கச்சி செய்தது நூற்றுக்கு நூறு சரி.

திருவொற்றியூர் பாட்டி:
தம்பி, எல்லாச் செடிக்கும் அந்தக் கணக்கு இல்லை. நான் பட்டது.

நியூஜெர்சியில் மகள் வீடு, அக்டோபர் மாதம். கொல்லையில் ஆள் உயரத்துக்கு ஒரு புதர், இலை மஞ்சளாகிக் கொட்டிக்கொண்டிருந்தது. விட்ச் ஹேசலாம். குச்சியெல்லாம் குண்டு குண்டாகப் பழுப்பு முடிச்சு. பூச்சி அடித்த செடி என்று நினைத்து, மல்லிக்கு வெட்டுவது போல முழங்காலுக்கு வெட்டிவிட்டேன். வேலை முடிந்து வந்த மகள் தோள் பையைக்கூட இறக்காமல் நின்றாள். "அம்மா, அதெல்லாம் மொட்டும்மா" என்றாள். அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை.

பிப்ரவரியில் பனி கொட்டிக் கிடக்கும்போது பக்கத்து வீட்டுப் புதர் பூத்தது. ஒரு இலை இல்லை. மஞ்சள் காகிதத்தை நூலாகக் கிழித்து ஒட்டியது போல, பூவுக்கு நாலு இதழ். குளிர் கடுமையானால் இதழ் சுருண்டுகொள்ளும், வெயில் வந்தால் விரியும். ஜன்னல் வழியாகத் தினமும் பார்த்தேன். எங்கள் கொல்லையில் வெறும் கட்டைதான்.

கோடையிலேயே மொட்டுக் கட்டி வைத்துவிடுமாம். பூத்து முடிந்த கையோடு, வசந்தத்தில்தான் கத்தரி வைக்க வேண்டும். அதுவும் காய்ந்தது, குறுக்கே போவது மட்டும். ஒட்டுச் செடியாக இருந்தால் ஒட்டுக்குக் கீழே வரும் கிளைகளை அப்போதைக்கப்போது எடுத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் அடிச்செடி ஜெயித்துவிடும். நம் ஒட்டு ரோஜா மாதிரிதான். மெதுவாக வளரும் செடி, பழைய உயரத்துக்கு வர வருடக்கணக்கு ஆகும் என்றாள்.

கொருக்குப்பேட்டை மாடி:
பாட்டி, அதன் குச்சி ஒன்று கிடைத்தால் இங்கே வைத்துப் பார்க்கலாமா?

திருவொற்றியூர் பாட்டி:
வேண்டாம் கண்ணு. அதற்குக் கடுங்குளிர் வேண்டும், அப்போதுதான் பூக்கும். நம் கடற்கரை வெயிலில் வாடிப் போகும். விமானத்தில் செடி கொண்டுவரவும் அனுமதி வாங்க வேண்டும். நீ அத்தையின் மல்லியைப் பார்த்துக்கொள். அடுத்த தடவை வெட்டும்போது பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார வை.

எண்ணூர் கழிமுகம்:
பெரம்பூர் தம்பி சொன்னதை யோசித்தேன். எண்ணெய்தான் காரணம், ஒத்துக்கொள்கிறேன். ஆனாலும் நான் பொங்கலுக்குப் பிறகுதான் வெட்டுவேன், நவம்பரில் கத்தரியை எடுக்கக் கை வரவில்லை. பிழைத்த அந்தச் செடியில் நான்கு பதியன் போட்டிருக்கிறேன், எல்லாம் வேர் பிடித்துவிட்டது. அந்த வெள்ளத்தில் மல்லியைப் பறிகொடுத்தவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள், தொட்டி கொண்டு வந்தால் போதும், எடுத்துக் கொடுக்கிறேன்.