பஸ் லேனில் ஏறலாமா, கூடாதா? ஓட்டிப் பார்த்த வேலூர்க்காரர்கள் சொல்லுங்கள்

தொரப்பாடி வாத்தியார்:

என் மகள் நர்ஸ் வேலை கிடைத்து இங்கிலாந்து போயிருக்கிறாள். இங்கே கார் ஓட்டிப் பழகியவள்தான். நம் ஊர் லைசென்ஸை வைத்தே அங்கே முதல் 12 மாதம் ஓட்டலாம் என்பதால் பழைய கார் ஒன்று வாங்கப் போகிறாளாம். எல்லாம் சரி, பஸ் லேன் என்றால் மட்டும் நடுங்குகிறாள், பஸ்ஸுக்கென்று ரோட்டில் கோடு போட்டு ஒதுக்கிய தடமாம். "அந்தக் கோட்டுப் பக்கமே போக மாட்டேன் அப்பா, கேமரா இருக்கும்" என்கிறாள். போகாமலே இருந்துவிட்டால் போதுமா? நான் வேலூரைத் தாண்டி வண்டி ஓட்டியவன் இல்லை. தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

பாகாயம் பொண்ணு:

வணக்கம் சார். நானும் அதே வேலைதான், லண்டனில். இப்போது லீவில் வீட்டுக்கு வந்திருக்கிறேன்.

உங்கள் மகள் மட்டுமல்ல, அங்கே பிறந்து வளர்ந்தவர்களிலும் நிறையப் பேர் இப்படித்தான் ஓட்டுகிறார்கள். நைட் டூட்டி முடிந்து ஞாயிற்றுக்கிழமை காலையில் திரும்பும்போது பார்ப்பேன். பஸ் லேன் துடைத்துவிட்டது போல் காலியாகக் கிடக்கும். பக்கத்துத் தடத்தில் கார்கள் ஒன்றன் பின் ஒன்றாக நிற்கும். நீல போர்டில் திங்கள் முதல் வெள்ளி வரை என்று தெளிவாகப் போட்டிருக்கும், யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. போர்டில் போட்டிருக்கும் நேரம் தவிர மற்ற நேரத்தில் அது எல்லோருக்கும் பொதுத் தடம். அங்கே டிரைவிங் கற்றுக்கொடுப்பவர்களும் இதைத்தான் சொல்வார்கள்: லேன் அமலில் இல்லாத நேரத்தில் பஸ் லேனில் போ, போகாவிட்டால் தேர்வில் அதுவும் குறையாகப் போகலாம்.

நம்மைப் போல இங்கிருந்து போகிறவர்களுக்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு. அங்கேயும் இடதுபுறம்தான் ஓட்ட வேண்டும் என்பதால் கைப்பழக்கம் அப்படியே ஒத்துவரும். மெதுவாகப் போகிறவன் ஓரமாகப் போ என்றுதானே நமக்குச் சொல்லித் தந்திருக்கிறார்கள்? அங்கே அந்த ஓரத்தில்தான் பஸ் லேன் இருக்கிறது. ஊர் புதுசு, நிதானமாகப் போவோம் என்று இடப்பக்கம் ஒதுங்கினால் நேராக அதற்குள் போய் நிற்போம்.

லேன் ஆரம்பிக்கும் இடத்தில் விட்டு விட்டுப் போட்ட கோடு சாய்வாக வந்து உங்களை வலப்பக்கம் தள்ளும். அதற்குப் பிறகு விடாமல் போகும் தடித்த வெள்ளைக் கோடு. சாதாரணத் தடக்கோட்டைவிட நல்ல அகலம், மழையிலும் தெரியும். ஆங்கிலத்தில் பஸ் லேன் என்று தரையில் எழுதியிருப்பார்கள். ஆனால் தரையைப் பார்த்தால் மட்டும் போதாது, நேரம் போர்டில்தான் இருக்கும். காலை 7 முதல் 10, மாலை 4 முதல் 7 என்பது போல. ஊருக்கு ஊர் ஏன், தெருவுக்குத் தெரு மாறும். போர்டில் நேரமே போடவில்லை என்றால் ஏதோ விட்டுப்போனது என்று நினைக்கக் கூடாது, 24 மணி நேரமும் என்று அர்த்தம்.

யார் போகலாம் என்பதும் அதே போர்டில் படமாக இருக்கும். பஸ், சைக்கிள், சில இடங்களில் மோட்டார் சைக்கிள். டாக்ஸி என்று எழுதியிருந்தால் லண்டனில் அது கறுப்பு டாக்ஸிக்குத்தான். ஆப்பில் கூப்பிடும் கார் அந்த லேனிலேயே ஓடக் கூடாது, ஆளை ஏற்றி இறக்க மட்டும் உள்ளே வந்து போகலாம்.

இடப்பக்கம் திரும்ப வேண்டுமென்றால்? பெரும்பாலும் சந்திப்புக்குக் கொஞ்சம் முன்னாலேயே தடித்த கோடு முடிந்துவிடும், அல்லது விட்டு விட்டு வரும். அந்த இடம் வந்த பிறகுதான் உள்ளே நுழைய வேண்டும். கண்ணாடியில் பின்னால் பார்த்துவிட்டு நுழையச் சொல்லுங்கள், சைக்கிள்காரர் சத்தமில்லாமல் வந்துகொண்டிருப்பார்.

அதைவிடக் கவனிக்க வேண்டியது பஸ் கேட். பெயர்தான் கேட், கதவெல்லாம் இருக்காது. கடைத்தெருவில் சின்னத் துண்டு ரோடு, நுழையும் இடத்தில் நீல வட்டத்துக்குள் வெள்ளை பஸ் படம், அவ்வளவுதான். இங்கே பக்கத்துத் தடத்துக்கு மாறித் தப்பிக்க முடியாது, ரோடே பஸ்ஸுக்குத்தான். வட்டத்தைப் பார்த்ததும் முந்தின தெருவிலேயே திரும்பிவிட வேண்டும். போன் மேப்பை நம்பிப் போகிறவர்கள் மாட்டுவது இங்கேதான்.

அபராதம் வந்தால் யார் பெயரில் கார் பதிவாகியிருக்கிறதோ அவர் வீட்டுக்குப் படத்துடன் தபால் வரும். அதில் போட்டிருக்கும் நாளுக்குள் சீக்கிரம் கட்டினால் பாதித் தொகை. லைசென்ஸில் தண்டனைப் புள்ளி ஏறாது. நியாயம் உங்கள் பக்கம் இருந்தால் எழுதிப் போட்டு முறையிடலாம்.

சத்துவாச்சாரி சர்வீஸ் ரோடு:

அக்கா, பின்னால் ஆம்புலன்ஸ் சைரன் போட்டுக்கொண்டு வந்தால்? பஸ் லேனில் ஒதுங்கலாமா?

பாகாயம் பொண்ணு:

நல்ல கேள்வி தம்பி. ஒதுங்கச் சொல்ல மாட்டார்கள். லேன் அமலில் இருக்கும் நேரத்தில் உள்ளே போனால் ஆம்புலன்ஸுக்கு வழிவிடத்தான் போனேன் என்றாலும் தபால் வரலாம், அப்புறம் விளக்கம் எழுத வேண்டும். சிவப்பு சிக்னலைத் தாண்டுவதும் அப்படியே. ஆம்புலன்ஸ் டிரைவரே காலியான பஸ் லேனில் போய்விடுவார், நாம் நம் தடத்தில் பதறாமல் இருந்தாலே போதும்.

சத்துவாச்சாரி சர்வீஸ் ரோடு:

இங்கே தலைகீழ். மோட்டார் வாகனச் சட்டத்தின் 2019 திருத்தத்துக்குப் பிறகு ஆம்புலன்ஸுக்கு வழிவிடாவிட்டால் 10,000 ரூபாய் அபராதம், ஆறு மாதம் வரை ஜெயில்கூட உண்டு. சி.எம்.சி. ஆஸ்பத்திரி வாசலில் வழிவிட மனசு இருந்தும் இடம் இருக்காது, அது வேறு கதை.

ஆம்பூர் பாய்:

துபாயில் டாக்ஸி ஓட்டிவிட்டு ஊரோடு வந்தவன் நான். அங்கே நம் ஊருக்கு நேர்மாறாக வலதுபுறம்தான் ஓட்ட வேண்டும், பஸ் லேனும் வலது ஓரம். கோட்டைத் தேட வேண்டியதே இல்லை, லேன் முழுக்கச் சிவப்பாக இருக்கும். பஸ்ஸும் டாக்ஸியும் போகலாம். சொந்தக் கார் போனால் 600 திர்ஹம்.

எனக்கு அதில் போக அனுமதி. ஆனால் பக்கத்தில் நிற்கும் காரில் நம் ஊர்க்காரர் இருந்தால் முகத்தைப் பார்க்க வேண்டுமே! நாங்கள் சரசரவென்று போக, அவர் ஜன்னலை இறக்கிவிட்டு முறைப்பார். ஒருமுறை வாணியம்பாடிக்காரர் ஒருவர் என் டாக்ஸியில் ஏறிக்கொண்டு, "என் கார் வீட்டில் நிற்கிறது, இந்தச் சிவப்பு ரோட்டில் போவதற்காகவே உன் வண்டியில் வந்தேன்" என்றார். அந்த லேனைப் போட்டதே அதற்குத்தானே என்று எனக்குத் தோன்றியது.

குடியாத்தம் லாரி:

சிங்கப்பூரில் கம்பெனி லாரி ஓட்டுகிறேன். இங்கே கோடு மஞ்சள். இரண்டு விதம். வெறும் மஞ்சள் கோடு என்றால் திங்கள் முதல் வெள்ளி வரை காலை 7.30 முதல் 9.30, மாலை 5 முதல் 8. மஞ்சளோடு சேர்த்துச் சிவப்புக் கோடும் ஓடினால் முழுநாள் லேன், திங்கள் முதல் சனி வரை காலை 7.30 முதல் இரவு 11 வரை. ஞாயிறும் பொது விடுமுறையும் இரண்டுக்கும் விலக்கு. கோடு விட்டு விட்டு வரும் இடத்தில் குறுக்கே கடந்து திரும்பலாம்.

காலையில் ஆட்களை ஏற்றிக்கொண்டு சைட்டுக்குப் போவேன். மணி 9.20, இடது தடம் காலி, போனில் சூப்பர்வைசர் "எங்கே இருக்கே, எங்கே இருக்கே" என்று கேட்டுக்கொண்டிருப்பார். பின்னால் உட்கார்ந்திருக்கும் பசங்களும் கேபினைத் தட்டுவார்கள். ஃபைன் வந்தால் கட்டப்போவது யார் என்று கேட்டால் எல்லோரும் அமைதி. டாஷ்போர்டு கடிகாரத்தை நம்பக் கூடாது, போன் மணியைப் பார்க்க வேண்டும் என்பது புதிதாக வரும் டிரைவர்களுக்கு நான் முதலில் சொல்வது.

எனக்கு அதைவிடப் பிடித்தது பஸ் நிறுத்தத்தில் போட்டிருக்கும் மஞ்சள் கட்டம். நிறுத்தத்திலிருந்து பஸ் இண்டிகேட்டர் போட்டு வெளியே வந்தால் பின்னால் வரும் நாம் கட்டத்துக்கு முன்னாலேயே நின்று வழிவிட வேண்டும். விடாவிட்டால் அதற்கும் அபராதம். நம் ஊரில் நடக்குமா சொல்லுங்கள்!

பழைய ஒண்ணாம் நம்பர்:

குடியாத்தம் தம்பி, இதைப் படித்ததும் எனக்கு வயிறு எரிந்தது. வேலூர் டவுன் பஸ்ஸில் ஓய்வு பெறும் வரை ஸ்டியரிங் பிடித்தவன் நான். காட்பாடி – பாகாயம் ரூட்டில் 1, 2 நம்பர் எல்லாம் ஓட்டியிருக்கிறேன்.

பஸ்காரன் நடுரோட்டில் நிறுத்துகிறான் என்று ஊரே திட்டும். ஏன் என்று யாராவது கேட்டிருக்கிறீர்களா? நிறுத்தத்தில் ஓரமாகக் கொண்டுபோய் நிறுத்தினேன் என்று வையுங்கள். முதலில் அங்கே ஷேர் ஆட்டோ நிற்கும், சரி, அதைத் தாண்டி முன்னால் போடுவேன். ஆள் இறங்கி ஏறி, கண்டக்டர் இரண்டு விசில் கொடுத்தாச்சு. வலது இண்டிகேட்டர் கண் சிமிட்டிக்கொண்டே இருக்கும். கண்ணாடியில் பார்த்தால் பைக், அதன் வாலைப் பிடித்து இன்னொரு பைக், அப்புறம் கார், அப்புறம் ஆட்டோ. ஒருத்தர் நிற்க மாட்டார். கண்டக்டர் படிக்கட்டில் தொங்கிக்கொண்டு கையைக் காட்டி, "கொஞ்சம் நில்லுப்பா" என்று கெஞ்சுவார். முன் சக்கரத்தை அரை அடி வெளியே நீட்டி மிரட்டினால்தான் வழி பிறக்கும். ஒவ்வொரு நிறுத்தத்திலும் இதே கூத்து என்றால் எந்த டிரைவர் ஓரமாகப் போவான்? நடுவிலேயே நிறுத்தினால் கிளம்புவது சுலபம். ஜனங்கள் ஓடி வந்து ஏறுவது தப்புதான், ஆபத்துதான், தெரியும்.

அதனால் வேலூருக்கு முதலில் வேண்டியது பஸ் லேன் அல்ல, அந்தக் கட்டம். லேன் போட அகலம் எங்கே இருக்கிறது? பாலாற்றுப் பாலத்தில் போடுவார்களா, மக்கான் சிக்னலில் போடுவார்களா? நெடுஞ்சாலையில் கிரீன் சர்க்கிள் பக்கம் வேண்டுமானால் யோசிக்கலாம், அங்கேயும் சர்வீஸ் ரோட்டில் எதிரே வருகிறவரைத் தடுத்த பிறகு.

இன்னொன்று. பஸ் லேன் என்றால் கார்காரருக்கு மட்டும் கட்டுப்பாடு என்று நினைக்காதீர்கள். டெல்லியில் 2022 ஏப்ரல் 1 முதல் கெடுபிடி தொடங்கியபோது, லேனை விட்டு வெளியே வந்த பஸ் டிரைவருக்கே 10,000 ரூபாய் அபராதம் என்றார்கள். லேனுக்குள் வண்டி நிறுத்திவிட்டுப் போகிறவனை முதலில் அப்புறப்படுத்தாமல் டிரைவர் எப்படி உள்ளேயே ஓட்டுவான்? இழுவை வண்டியும் கூடவே அனுப்பினார்கள் என்று கேள்விப்பட்ட பிறகுதான் சமாதானம் ஆனேன்.

காட்பாடி டு பெங்களூரு:

ஐயா சொல்வது சரி. பெங்களூரில் வெளிவட்டச் சாலையில் சில்க் போர்டிலிருந்து கே.ஆர். புரம் வரை 2019 கடைசியில் பஸ்ஸுக்குத் தனித் தடம் ஒதுக்கினார்கள். கோடு மட்டும் போட்டால் யாரும் மதிக்க மாட்டார்கள் என்று வரிசையாகக் கம்பம் நட்டார்கள். கம்பம் இருந்த இடத்தில் கார் வரவில்லை. பைக் வந்தது! இரண்டு கம்பத்துக்கு நடுவே கண்ணாடியை மடக்கிக்கொண்டு நுழைந்துவிடுவார்கள். இருந்தாலும் நான் கார் பூலை விட்டுவிட்டு பஸ்ஸுக்கு மாறியது அந்தக் காலத்தில்தான். கார்கள் நிற்க நிற்க நாங்கள் போய்க்கொண்டே இருந்தோம். அப்புறம் மெட்ரோ வேலை வந்தது, லேன் போனது.

தொரப்பாடி வாத்தியார்:

எல்லோருக்கும் நன்றி. மகளுக்கு அப்படியே அனுப்பிவிட்டேன். பதிலுக்கு ஒரு கேள்வி அனுப்பியிருக்கிறாள். போர்டில் திங்கள் முதல் வெள்ளி என்று இருக்கிறது, அன்று அரசு விடுமுறை, பஸ்கூடக் குறைவாகத்தான் ஓடும். அப்போது லேனில் போகலாமா?

பாகாயம் பொண்ணு:

கூடாது சார். இங்கிலாந்தில் போர்டில் விலக்கு என்று தனியாக எழுதாத வரை, விடுமுறை திங்கட்கிழமையும் திங்கட்கிழமைதான். பஸ் வருகிறதா இல்லையா என்பது கணக்கே இல்லை. குடியாத்தம் அண்ணன் சொன்ன சிங்கப்பூர் விதியை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம் என்று சொல்லுங்கள்.

குடியாத்தம் லாரி:

ஆமாம், இங்கே தீபாவளியும் பொது விடுமுறை, அன்றைக்கு லேன் எல்லோருக்கும் திறந்திருக்கும். ஆனால் அன்றைக்கு நான் லாரியை எடுத்தால்தானே!