உலகப் பட்டம் வெல்லாதவர்களில் பெரிய ஆட்டக்காரர் யார்: கேரஸா, கோர்ச்னோயா?

மூலைச்சிப்பாய் கேட்டது:

எங்கள் ஊர் நூலகத்தில் ஞாயிறுதோறும் பிள்ளைகளுக்கு செஸ் சொல்லித் தருகிறேன். 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் குகேஷ் பட்டம் வென்றதிலிருந்து கூட்டம் தாங்கவில்லை. போன வாரம் பால் கேரஸின் ஆட்டம் ஒன்றைப் போட்டுக் காட்டினேன். எட்டாம் வகுப்புப் பையன் ஒருவன், "சாம்பியனே ஆகாதவரோட கேமை எதுக்கு சார் பார்க்கணும்?" என்று கேட்டுவிட்டான். கிண்டலாக இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டான். அவனுக்கு ஒரே ஒரு கிராண்ட்மாஸ்டரின் வாழ்க்கையைச் சொல்வதானால் யாரைச் சொல்வீர்கள்? கேரஸ்தான் என் மனத்தில் இருக்கிறார். மாற்றுக் கருத்து இருந்தால் சொல்லுங்கள்.

வெள்ளைக்கட்டம்:

கேரஸேதான், யோசிக்கவே வேண்டாம். 1953, 1956, 1959, 1962 என்று அடுத்தடுத்து நான்கு கேண்டிடேட்ஸிலும் (உலக சாம்பியனோடு மோதுபவரைத் தேர்ந்தெடுக்கும் போட்டி) இரண்டாமிடம் (53இல் இன்னும் இருவரோடு பகிர்ந்துகொண்டார்). 1962இல் குரசாவோவில் முதலிடம் பிடித்த பெட்ரோசியனுக்கு 17½ புள்ளி, இவருக்கு 17. கடைசிக்கு முந்தைய சுற்றில் பெங்கோ என்ற வீரரிடம் தோற்காமல் இருந்திருந்தால் கதையே வேறு. சொந்த நாடான எஸ்தோனியா தன் ஐந்து குரோன் நோட்டில் இவர் படத்தைப் போட்டது. வேறென்ன வேண்டும்?

பழையபலகை:

வெள்ளைக்கட்டம் சொன்னதில் ஒன்றும் தப்பில்லை. ஆனால் கேரஸைச் சொன்னால் அந்தப் பையனுக்குப் பரிதாபம்தான் வரும், "ஐயோ பாவம், அரைப் புள்ளியில் போச்சே" என்று. அவன் கேட்டது அதை அல்ல. விக்டர் கோர்ச்னோயைச் சொல்லுங்கள். அந்த மனிதர்மேல் யாருக்கும் பரிதாபம் வராது. பலருக்கு எரிச்சல்தான் வந்தது.

1931இல் லெனின்கிராடில் பிறந்தவர். தந்தை 1941இல் போரில் இறந்தார். நகரத்தை ஜெர்மானியர் முற்றுகையிட்டிருந்த பட்டினிக் காலத்தைச் சிறுவனாகவே தாண்டி வந்தவர். 1956இல் கிராண்ட்மாஸ்டர், அப்புறம் நான்கு முறை சோவியத் சாம்பியன். அந்தக் காலத்து சோவியத் சாம்பியன்ஷிப் பல சர்வதேசப் போட்டிகளைவிடக் கடினம் என்பதைப் பையனுக்குத் தனியாகச் சொல்லிவிடுங்கள்.

ஆனால் என் கணக்கில் அதெல்லாம் முன்னுரைதான். 1974இல் மாஸ்கோவில் நடந்த கேண்டிடேட்ஸ் இறுதியில் இளம் சோவியத் வீரர் கார்ப்போவிடம் 24 ஆட்டங்களில் 3-2 என்று தோற்றார், மீதி எல்லாம் டிரா. அப்போதைய உலக சாம்பியன் ஃபிஷர் அடுத்து ஆட வராததால் அந்த வெற்றியே கார்ப்போவுக்கு உலகப் பட்டமாகிவிட்டது. கோர்ச்னோய்க்கு அப்போது 43 வயது. இனி அவ்வளவுதான் என்றுதான் எல்லோரும் நினைத்திருப்பார்கள். பத்திரிகையில் கார்ப்போவைக் குறைத்துப் பேசினார் என்று வெளிநாட்டுப் போட்டிகளுக்கும் போகவிடாமல் நிறுத்தினார்கள். 1976இல் ஆம்ஸ்டர்டாம் போட்டிக்கு விட்டார்கள். முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டு, கையோடு அங்கேயே அடைக்கலம் கேட்டுவிட்டார். மனைவியும் மகனும் லெனின்கிராடில்.

அதன் பிறகு சோவியத் வீரர்கள் இவர் ஆடும் போட்டிகளைப் புறக்கணித்தார்கள். தவிர்க்கவே முடியாத இடம் கேண்டிடேட்ஸ்தான். அங்கே 1977இல் பெட்ரோசியன், பொலுகாயெவ்ஸ்கி, ஸ்பாஸ்கி என்று வரிசையாக மூன்று பேரையும் வீழ்த்தினார். அதில் இருவர் முன்னாள் உலக சாம்பியன்கள். எனக்குப் பிடித்த கோர்ச்னோய் இவர்தான். அடுத்த வருட பாகியோ போட்டியைவிட இந்த வருடத்தைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன்.

சரி, பாகியோவுக்கு வருவோம். பிலிப்பைன்ஸ், 1978, கார்ப்போவோடு உலகப் பட்டப் போட்டி. முதலில் ஆறு ஆட்டம் வெல்பவருக்குப் பட்டம், டிரா கணக்கில் இல்லை. கார்ப்போவுக்கு வந்த தயிர்க் கோப்பை ரகசியச் செய்தி என்று கோர்ச்னோய் தரப்பின் புகார். பார்வையாளர் வரிசையில் உட்கார்ந்து முறைத்துக்கொண்டிருந்த கார்ப்போவ் தரப்பு உளவியலாளர் சுகாரைச் சமாளிக்க இவர் கண்ணாடிபோல் பளபளக்கும் கறுப்புக் கண்ணாடி அணிந்து வந்தார். கல்லூரி நாளில் நான் தினசரிகளில் தேடித் தேடிப் படித்ததும் இந்தக் கூத்துகளைத்தான். நகர்வுகளை ஒழுங்காகப் போட்டுப் பார்த்தது பல வருடம் கழித்து. 27 ஆட்டம் முடிந்தபோது 5-2, கார்ப்போவுக்கு இன்னும் ஒரே ஒரு வெற்றி போதும். 28, 29, 31 மூன்றையும் கோர்ச்னோய் வென்று 5-5 ஆக்கினார். 32ஆவதில் கார்ப்போவ். எதிரில் இருந்தவர் இருபது வயது இளையவர்.

கறுப்புராணி:

ஆட்டம் சரி ஐயா. ஆனால் நடத்தை? எதிராளியைத் திட்டுவது, தோற்றால் கத்துவது... இவரைப் பிள்ளைகளுக்கு முன்மாதிரியாகக் காட்டலாமா? இன்னொன்று, மூன்று வருடம் கழித்து மெரானோவில் அதே கார்ப்போவிடம் 6-2 என்று மோசமாகத் தோற்றதையும் சொல்ல வேண்டும் அல்லவா?

பழையபலகை:

தாராளமாகச் சொல்லலாம் அம்மா. கூடவே, அந்த 1981 போட்டி நடந்தபோது அவர் மகன் ராணுவத்தில் சேர மறுத்த குற்றத்துக்காக சோவியத் முகாமில் இருந்தான் என்பதையும் சொல்லுங்கள். தோல்விக்கு அதுவே காரணம் என்று நான் சொல்லவில்லை. கார்ப்போவ் அந்த வருடம் நிஜமாகவே நன்றாக ஆடினார்.

நடத்தையைப் பொறுத்தவரை, வாய் நல்ல வாய் இல்லைதான். ஆனால் 1983ஐப் பாருங்கள். கேண்டிடேட்ஸ் அரையிறுதிக்கு காஸ்பரோவை அமெரிக்காவின் பசதேனாவுக்கு அனுப்ப சோவியத் சம்மதிக்கவில்லை. ஆடாமலே வெற்றி இவருக்கு என்று ஃபிடே (உலக செஸ் அமைப்பு) அறிவித்துவிட்டது. அதைப் பிடித்துக்கொண்டு உட்காராமல் லண்டனில் ஆட ஒத்துக்கொண்டார். முதல் ஆட்டத்தை வென்று, கடைசியில் 7-4 என்று தோற்றார். நூலகத்தில் நான் சொல்லித் தந்தால் இதைத்தான் முதலில் சொல்வேன்.

குதிரைப்பாய்ச்சல்:

உக்ரைன் வீரர் இவாஞ்சுக்கை யாரும் சொல்லவே இல்லையே! 2013 லண்டன் கேண்டிடேட்ஸில் நேரம் முடிந்தே ஐந்து ஆட்டம் தோற்றார். அதே போட்டியில் கார்ல்சனையும் கிராம்னிக்கையும் வென்றார். பிள்ளைகளுக்குக் கடிகாரத்தைப் பார்க்கச் சொல்லிக் கொடுக்க இதைவிட நல்ல உதாரணம் கிடையாது :)

மூலைச்சிப்பாய்:

எல்லோருக்கும் நன்றி. பழையபலகை ஐயா, முடிவு பண்ணிவிட்டேன், கோர்ச்னோய்தான். ஆனால் பாகியோ ஆட்டங்கள் ரொம்ப நீளம், பிள்ளைகள் நெளிவார்கள். சின்னதாக ஒன்று சொல்லுங்களேன்.

பழையபலகை:

1974 போட்டியின் 21ஆவது ஆட்டம். வெள்ளைக்காய் கோர்ச்னோய், 19 நகர்வில் கார்ப்போவ் காலி. அதில் ஒரு வேடிக்கையும் உண்டு. தன் யானை தாக்கப்பட்டிருக்கும்போது காஸ்லிங் (ராஜாவையும் யானையையும் ஒரே நகர்வில் இடம் மாற்றுவது) செய்யலாமா என்று கோர்ச்னோய் நடுவர் ஓ'கெல்லியிடமே போய்க் கேட்டார். செய்யலாம், ராஜா தாக்கப்பட்டிருந்தால்தான் தடை. உங்கள் பையன்களில் பாதிப் பேருக்கு இந்த விதி தெரிந்திருக்காது, அந்த இடத்தில் நிறுத்தி அவர்களையே கேளுங்கள்.

அது போதவில்லை என்றால் 2011 ஜிப்ரால்டர். கறுப்புக்காயில் கருவானாவை வென்றார். கருவானாவுக்கு 18 வயது, இவருக்கு 79. முதலில் வயதைச் சொல்லாமல் ஆட்டத்தைப் போடுங்கள், கறுப்பில் ஆடியவருக்கு என்ன வயதிருக்கும் என்று அப்புறம் கேளுங்கள்.