போலீஸே இல்லாத சட்டம் எப்படி சட்டம் ஆகும்? சர்வதேச சட்டத்தோட அடிப்படை பத்தி ஒரு சந்தேகம்

முதல்வருட_மாணவி:

எல்லாருக்கும் வணக்கம். இந்த செமஸ்டர்ல சர்வதேச சட்டம் ஒரு பேப்பர், முதல் பாடத்துலயே மாட்டிக்கிட்டு முழிக்கறேன். நாட்டுக்குள்ள சட்டம்னா சட்டசபை போடும், போலீஸ் பிடிக்கும், கோர்ட் தண்டனை குடுக்கும். இங்க அந்த மாதிரி மேல உக்காந்து பாக்க யாருமே இல்ல. ஐநா பொதுச்சபை தீர்மானம் பெரும்பாலும் பரிந்துரைதான்ங்கறாங்க, ஹேக்ல இருக்கற சர்வதேச நீதிமன்றத்துல ஒரு நாடு ஒத்துக்கிட்டாதான் அது மேல வழக்கே நடக்கும்ங்கறாங்க. சரி, சம்மதம்தான் எல்லாத்துக்கும் அஸ்திவாரம்னு மனசுல ஏத்திக்கிட்டு பக்கத்த திருப்பினா, வழமைச் சட்டம்னு ஒண்ணு, எழுதவே எழுதாத சட்டம், கையெழுத்தே போடாத நாட்டையும் கட்டுப்படுத்தும்னு போட்டிருக்கு. எத நம்பறது? பரீட்சைக்கு எழுத பதில் இருக்கு, எனக்கு நிஜமாவே புரியணும்.

பழைய_வக்கீல்:

நல்ல இடத்துல நின்னு கேட்டிருக்கம்மா. முதல்ல சம்மதம் பத்தி. சம்மதம் வேணும்ங்கறது உள்ள நுழையறதுக்குத்தான், நுழைஞ்சப்புறம் இஷ்டத்துக்கு எந்திரிச்சு போக முடியாது. நாடுங்க ஒப்பந்தம் எப்படி போடணும், எப்படி நடத்தணும்னு சொல்ற 1969 வியன்னா உடன்படிக்கையோட 26ஆவது பிரிவு அதத்தான் சொல்லுது, போட்ட ஒப்பந்தத்த நல்லெண்ணத்தோட நிறைவேத்தணும், லத்தீன்ல பேக்டா சன்ட் சர்வாண்டான்னு சொல்லுவாங்க. அடுத்த பிரிவு இன்னும் கறார், "எங்க நாட்டு சட்டம் இடம் குடுக்கல"ன்னு சொல்லி ஒப்பந்தத்த மீற முடியாது. விலகணும்னாலும் அதுக்குன்னு இருக்கற வழியிலதான் விலகணும்.

போலீஸ் இல்லன்னு சொன்னல்ல, ஒரு நாட்டு ஸ்டாம்ப் ஒட்டின லெட்டர இன்னொரு நாட்டு தபால்காரர் வீடு தேடி கொண்டு வந்து குடுக்கறாரே, அது அவர் நாடு வித்த ஸ்டாம்ப் இல்ல, ஆனா குடுக்கறாரு. 1874ல பெர்ன் நகரத்துல போட்ட தபால் ஒப்பந்தத்துல ஆரம்பிச்ச ஏற்பாடு அது. விமானம் பத்து நாட்டு வானத்துல பறந்து போறதுக்கு 1944 சிகாகோ உடன்படிக்கை. யாரும் துப்பாக்கி காட்டல, நான் உன் லெட்டர குடுக்கலன்னா நீ என் லெட்டர குடுக்க மாட்ட, அவ்வளவுதான். இதெல்லாம் நியூஸ்ல வராது, மீறினாதான் நியூஸ், அதனாலதான் இந்த சட்டத்த யாருமே மதிக்கறதில்லங்கற மாதிரி ஒரு எண்ணம் விழுந்துடுது.

கடல்வழி:

வழமைச் சட்டத்துக்கு நான் சொல்றேன் சிஸ், எனக்கு ரொம்ப பிடிச்ச வழக்கு ஒண்ணு இருக்கு.

1898, அமெரிக்காவுக்கும் ஸ்பெயினுக்கும் சண்டை. க்யூபாவுல இருந்து பகெட்டே அபானான்னு ஒரு சின்ன மீன்பிடி படகு மார்ச் 25ஆம் தேதி கிளம்புது, படகோட்டியையும் சேத்து மொத்தமே மூணு பேரு, கிடைக்கற மீன்ல மூணுல ரெண்டு பங்கு அவங்களுக்கு, ஒரு பங்கு ஓனருக்கு. இருபத்தஞ்சு நாள் மீன் பிடிச்சுட்டு உயிரோட இருக்கற மீனோட திரும்பி வராங்க, சண்டை வந்ததோ கடல அடைச்சதோ எதுவுமே அவங்களுக்கு தெரியாது, ஏப்ரல் 25 அன்னிக்கு அமெரிக்க போர்க்கப்பல் வந்து மடக்கி எதிரி நாட்டு சொத்துன்னு படகையே பிடிச்சுக்குது. ஏலத்துல 490 டாலருக்கு வித்தும் போட்டாங்க. லோலான்னு இன்னொரு படகுக்கும் இதே கதிதான்.

கேஸ் அமெரிக்க உச்ச நீதிமன்றத்துக்கு போச்சு. மீன்பிடி படக பிடிக்கக்கூடாதுன்னு எந்த ஒப்பந்தமும் அங்க இல்ல, அமெரிக்க நாடாளுமன்றம் போட்ட சட்டமும் இல்ல. நீதிபதிங்க என்ன பண்ணாங்கன்னா பழைய வரலாற தோண்டினாங்க. 1403லயே இங்கிலாந்து ராஜா நாலாம் ஹென்றி சண்டை நேரத்துல மீனவங்கள தொடக்கூடாதுன்னு உத்தரவு போட்டிருக்காரு, பிரான்ஸ் விட்டிருக்கு, 1846ல மெக்சிகோவோட சண்டை போட்டப்ப அமெரிக்க கடற்படையே மீன்பிடி படகுகள விட்டிருக்கு. இப்படி நூத்துக்கணக்கான வருஷமா நாடுங்க நடந்து நடந்து அது வெறும் பெருந்தன்மைங்கறதுல இருந்து சட்டமா மாறிடுச்சுன்னு 1900ல தீர்ப்பு. ஏலத்துல வந்த காச திருப்பிக் குடுக்கணும், நஷ்டஈடும் குடுக்கணும்னு சொல்லிட்டாங்க. சொந்த நாட்டு கோர்ட்டே சொந்த நாட்டு கடற்படைக்கு எதிரா, அதுவும் எழுதாத சட்டத்த வெச்சு சொன்னது, இத படிச்சப்பதான் எனக்கு வழமைச் சட்டம்னா என்னன்னு புரிஞ்சுது.

ஆனா வழக்கமா செஞ்சா மட்டும் போதாது. வர்ற தலைவருக்கு சிவப்பு கம்பளம் எல்லா நாடும்தான் விரிக்குது, விரிக்கலன்னா சட்டமீறல் இல்ல, மரியாதைக்குறைவு. "இது கடமை, செஞ்சே ஆகணும்"ங்கற எண்ணத்தோட செய்யணும், அதுக்குப் பேரு ஒப்பினியோ யூரிஸ். ஹேக் நீதிமன்றத்தோட 1969 வடகடல் வழக்குல இந்த வித்தியாசத்த நல்லா பிரிச்சு சொல்லியிருப்பாங்க, மூலத்துலயே போய் படிங்க.

கேள்விக்குறி_77:

மீனவர் கதை நல்லாத்தான் இருக்கு, ஆனா பெரிய நாடு மாட்டினா என்ன ஆகுதுன்னும் சொல்லுங்க. 1986ல நிகராகுவாங்கற சின்ன நாடு அமெரிக்கா மேல போட்ட வழக்குல, அமெரிக்கா தப்பு பண்ணிச்சுன்னு ஹேக் தீர்ப்பு சொன்னுச்சு, அங்க அரசாங்கத்த எதிர்த்த கிளர்ச்சிக்காரங்களுக்கு ஆயுதம் குடுத்தது, துறைமுகத்துல கண்ணிவெடி வெச்சது உட்பட. அமலாக்கணும்னா பாதுகாப்பு கவுன்சிலுக்கு போகணும், அங்க அமெரிக்காவே வீட்டோ போட்டுருச்சு. 1991ல நிகராகுவா வழக்கையே கைவிட்டுச்சு, ஒரு பைசா நஷ்டஈடு வரல. செத்தவங்க குடும்பத்துக்கு இந்த சட்டம் என்ன பண்ணுச்சு? கோவமா கேக்கல, மனசு கேக்காமத்தான் கேக்கறேன்.

பழைய_வக்கீல்:

தோழர், நீங்க சொன்னதுல ஒரு வரி கூட தப்பு இல்ல, வீட்டோ இந்த அமைப்போட பெரிய காயம், அதுக்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். அதே தீர்ப்புல இன்னொண்ணு இருக்கு, அதையும் பாருங்க. அமெரிக்கா "நாங்க பலசாலி, அடிச்சோம்"னு சொல்லல. எல் சால்வடார் நாட்டுக்கு துணையா நின்னு பண்ண கூட்டு தற்காப்புன்னு சொன்னுச்சு, அதாவது ஐநா சாசனத்தோட 51ஆவது பிரிவு பேசற மொழியிலதான் பேசுச்சு. ஒரு நாடு விதிய மீறிட்டு விதிவிலக்க சொல்லி சமாளிச்சா அந்த சமாளிப்பே விதி இருக்குன்னு உறுதிப்படுத்துதுன்னு நீதிமன்றமே எழுதியிருக்கு. வேற நாட்டு மேல பலத்த பிரயோகிக்கக்கூடாதுங்கற விதி ஒப்பந்தத்துல மட்டும் இல்ல, வழமைச் சட்டமாவும் இருக்குன்னு தெளிவா சொன்னதும் இதே தீர்ப்புதான்.

தீர்ப்ப மதிச்சு நடந்ததும் இருக்கு. அவுசு பட்டைன்னு சாட்டுக்கும் லிபியாவுக்கும் நடுவுல இருக்கற பாலைவனம், அதுக்காக ரெண்டு நாடும் வருஷக்கணக்கா சண்டை போட்டாங்க. 1955ல, அப்ப சாட ஆண்ட பிரான்ஸும் லிபியாவும் போட்ட ஒப்பந்தத்த வெச்சு அது சாட்டுக்குத்தான் சொந்தம்னு 1994 பிப்ரவரியில தீர்ப்பு வந்துச்சு, மே மாசக் கடைசிக்குள்ள லிபியா படைய எடுத்துக்கிட்டு போயிருச்சு, ஐநா பார்வையாளருங்க நின்னு பாத்தாங்க.

முதல்வருட_மாணவி:

ரொம்ப நன்றி சார், நன்றி ப்ரோ, அந்த படகு வழக்க இன்னிக்கு ராத்திரியே படிக்கறேன். ஒரே ஒரு சந்தேகம் பாக்கி. ஒரு வழமை உருவாகிட்டு இருக்கும்போதே ஒரு நாடு "எனக்கு இது வேண்டாம்"னு சொல்லிட்டே இருந்தா அதையும் கட்டுப்படுத்துமா?

கடல்வழி:

ஆரம்பத்துல இருந்தே விடாம எதிர்த்தா கட்டுப்படுத்தாது சிஸ். இதுக்கும் மீன்தான் உதாரணம் பாருங்க! பிரிட்டன் நார்வே மேல போட்ட மீன்பிடி வழக்கு, 1951ல தீர்ப்பு, தன் கடல் எல்லைய அளக்க வளைகுடா வாயில பத்து மைலுக்கு மேல நீளமா கோடு போடக்கூடாதுன்னு பிரிட்டன் சொன்னுச்சு. அப்படி ஒரு பொது விதி வந்ததாவே தெரியலன்னு நீதிமன்றம் சொன்னுச்சு, இருந்தாலும் நார்வே எப்பவுமே எதிர்த்துட்டு வந்ததால அதுக்கு செல்லாதுன்னுட்டாங்க. ஆனா விதி நிலைச்சப்புறம் முழிச்சுக்கிட்டு எதிர்த்தா வேலைக்காகாது, புதுசா பொறந்த நாடும் இருக்கற வழமைக்குள்ளதான் பொறக்குது. இங்கதான் உங்க "சம்மதம்" கொஞ்சம் தள்ளிப் போகுது.

அடிமைமுறை, இனப்படுகொலை, சித்திரவதை, இதெல்லாம் கூடாதுங்கறது யூஸ் கோஜென்ஸ், அதாவது மீறவே முடியாத நெறி. இதுக்கு எதிரா எத்தனை வருஷம் எதிர்த்துட்டு இருந்தாலும் விலக்கு கிடையாது. ரெண்டு நாடு சேந்து மனசார கையெழுத்து போட்டு அடிமை வியாபாரத்துக்கு ஒப்பந்தம் போட்டாக்கூட அந்த காகிதம் செல்லாது, வியன்னா உடன்படிக்கை 53ஆவது பிரிவு.