மூன்றாம் பாகத்தில் ஒரு சந்தேகம்

கவிதா (இரவு 9.48)
நேற்று அந்தக் கடத்தல் தொலைக்காட்சித் தொடரின் மூன்றாம் பாகத்தைப் பார்த்தவர்கள் எனக்கு விளக்குங்கள். மிலானில் கடத்தப்பட்ட வணிகருக்காக ஐந்து மில்லியன் யூரோ கேட்கிறார்கள். மனைவி வங்கியிலிருந்து முழுத் தொகையையும் எடுத்து வந்த பிறகும், பேரம் பேச வந்தவர் அதைக் கொடுக்கவிடாமல் தடுக்கிறார். இது கல்நெஞ்சம் இல்லையா, மாமா?

ராஜன் மாமா (9.55)
இல்லை, அம்மா. காப்புறுதித் துறையில் முப்பது ஆண்டுகள் இருந்தவன் சொல்கிறேன். கேட்டதை உடனே கொடுத்தால், இவர்களிடம் இன்னும் இருக்கிறது என்று நினைத்து மறுபடியும் கேட்பார்கள். ஆகவே குடும்பத்தின் சார்பில் பேரம் பேசுபவர்கள், தருவதாகச் சொல்லும் தொகையில் முதல் அழைப்பில் ஒரு லட்சம் கூட்டினால் அடுத்ததில் ஐம்பதாயிரம், அதற்கடுத்ததில் பத்தாயிரம் என்று கூட்டும் தொகையைச் சுருக்கிக்கொண்டே போவார்கள். அரிசிப் பானையின் அடியைச் சுரண்டும் சத்தம் எதிர்முனையில் இருப்பவன் காதில் விழ வேண்டும்.

அரவிந்த் (10.01)
நம் சிங்கப்பூரிலும் அப்படித்தானே நடந்தது? 2014 ஜனவரியில் பேரங்காடி உரிமையாளர் ஒருவரின் 79 வயதுத் தாயாரைக் கடத்தியவர்கள் 20 மில்லியன் வெள்ளி கேட்டு, கடைசியில் 2 மில்லியனுக்கு இறங்கி வந்தார்கள். பணம் செம்பவாங் பூங்காவில் வைக்கப்பட்டது. அம்மையாரும் பத்திரமாக வீடு திரும்பினார். காவல்துறை விரைவிலேயே ஆட்களைப் பிடித்துப் பணத்தையும் மீட்டது. முதன்மைக் குற்றவாளிக்கு 2016இல் ஆயுள் தண்டனையும் 3 பிரம்படிகளும் கிடைத்தன.

மல்லிகா அத்தை (10.06)
1961ஆம் ஆண்டுக் கடத்தல் சட்டத்தின்படி மரண தண்டனையே கிடைத்திருக்கலாம். என் சிறுவயதில் பணக்காரத் தவுக்கேக்களை, அதாவது முதலாளிகளை, கடத்திய செய்திகளைப் பெரியவர்கள் குரலைத் தாழ்த்தித்தான் பேசுவார்கள். அது கிடக்கட்டும், தொடரின் எழுத்துரையில் 'பிணைப்பணம்' என்ற நல்ல சொல்லை விட்டுவிட்டு 'மீட்புச் செலவு' என்று போட்டவர் யார்? மருத்துவமனை ரசீது போல இருக்கிறது.

ராஜன் மாமா (10.14)
அக்கா, சொல்லைவிடப் பெரிய பிழை வங்கிக் காட்சியில் இருக்கிறது. கடத்தல் தொழிலாகவே நடந்துவந்த இத்தாலியில், பிணைப்பணம் கைமாறாமல் இருப்பதற்காகக் குடும்பத்தாரின் சொத்தை முடக்க வேண்டும் என்று 1991இலேயே சட்டம் கொண்டுவந்துவிட்டார்கள். தொலைக்காட்சியில் செய்தி வந்து மூன்றாம் நாள் அந்த அம்மையார் பெட்டியோடு போய் நின்றால், வங்கி மேலாளர் தேநீர் கொடுத்துத்தான் அனுப்பியிருப்பார்.

கவிதா (10.17)
அப்படியென்றால் தொடரில் சரியாகக் காட்டியது ஒன்றுமே இல்லையா?

ராஜன் மாமா (10.23)
ஏன் இல்லை? அந்தத் தம்பதி குடியிருந்த முதல் வீட்டின் சமையலறைக் கதவு என்ன நிறம் என்று கடத்தியவர்களிடம் கேட்டார்களே, அது உயிரோடு இருப்பதற்கான சான்று. கணவருக்கு மட்டுமே தெரிந்த விடை வரும்வரை பணப்பேச்சைத் தள்ளிப்போடுவார்கள். இன்னொன்றும் நினைவிருக்கிறதா? முதல் பாகத்து விருந்தில் கணக்காளர், முதலாளிக்குக் கடத்தல் காப்புறுதி, அதாவது கடத்தப்பட்டால் பிணைப்பணத்தை ஈடுசெய்யும் காப்புறுதி, இருப்பதைப் பெருமையாக உளறினார். அப்படி ஒரு காப்புறுதி இருப்பதே வெளியே தெரியக்கூடாது என்பது அந்த ஒப்பந்தங்களில் வழக்கமான நிபந்தனை.

மல்லிகா அத்தை (10.26)
அப்படியானால் காட்டிக்கொடுத்தவன் அவன்தான். நாளை இரவு நான்காம் பாகம் முடியும்வரை யாரும் இங்கே வாயைத் திறக்கக் கூடாது.

அரவிந்த் (10.27)
நான் நான்காம் பாகத்தை இணையத்தில் மதியமே பார்த்துவிட்டேன், அத்தை. கணக்காளரைப் பற்றி இவ்வளவு நேரம் ஒரு வார்த்தையும் சொல்லாமல் இருந்ததற்காவது என்னைப் பாராட்டுங்கள்.