சூப்பர் ஸ்மாஷ் ஃப்ளாஷ் 2: லாய்டை வைத்து ஆடிய ஓர் எதிராளி

நிண்டெண்டோவின் சூப்பர் ஸ்மாஷ் பிரதர்ஸ் தொடரைத் தழுவி ரசிகர்கள் உருவாக்கிய சண்டை விளையாட்டான சூப்பர் ஸ்மாஷ் ஃப்ளாஷ் 2-இன் பீட்டா பதிப்பு 2017 மே மாதம் வெளிவந்த பிறகு ஆன்லைனில் நான் மோதிய எதிராளிகளில் பெரும்பாலோரை மறந்துவிட்டேன். 'டேல்ஸ் ஆஃப் சிம்ஃபோனியா' விளையாட்டின் வாள்வீரன் லாய்டைத் தேர்ந்தெடுத்து ஆடிய ஒருவரை மட்டும் மறக்கவில்லை.

அவர் மிகத் தொலைவில் இருந்திருக்க வேண்டும். எங்கள் ஆட்டத்தில் தாமதம் கடுமையாக இருந்தது. இந்த விளையாட்டின் ஆன்லைன் முறையில், இருவருடைய கணினிகளிலும் ஒரே காட்சி ஓட வேண்டும் என்பதற்காக, எதிராளி அழுத்திய விசை வந்து சேரும்வரை நம்முடைய விசையும் காத்திருக்கிறது. ஆகவே, அடியைக் கண்டதும் கேடயம் எழுப்பினால் போதும் என்று பழகியவர்கள், தொலைதூர இணைப்பில் ஒவ்வொரு முறையும் சற்றுப் பிந்தியே எழுப்புகிறார்கள். லாய்டின் டீமன் ஃபேங் என்ற தாக்குதல் தரையை ஒட்டி வரும் அலை என்பதால், தள்ளி நின்று அதையே மீண்டும் மீண்டும் ஏவுபவருக்கு இத்தகைய இணைப்பு பெரிய வசதி. என் சேத விழுக்காடும் முதல் ஆட்டத்தில் அப்படித்தான் ஏறியது.

இரண்டாவது ஆட்டத்தில் அவர் அந்த அலையை ஏறக்குறைய கைவிட்டு, அருகில் வந்து வாளால் மட்டுமே மோதினார். என் நிலையைப் புரிந்துகொண்டே அப்படிச் செய்தார் என்பது என் ஊகம், ஏனெனில் உரையாடல் எதுவும் நடக்கவில்லை. ஆட்டம் தொடங்குமுன் இருமுறை குனிந்து எழுந்து வணக்கம் சொன்னதைத் தவிர அவர் எதையும் தெரிவிக்கவில்லை. வெற்றி எண்ணிக்கைக்காகத் தாமதத்தையே ஆயுதமாக்குபவர்களை நிறையப் பார்த்திருப்பதால், அவருடைய ஆட்டத்தை நான் மிக உயர்வாக மதிக்கிறேன்.

நான் அன்று 'டிராகன் பால்' நாயகன் கோக்குவை வைத்து ஆடினேன். நிண்டெண்டோவின் அதிகாரபூர்வத் தொடரில் கோக்குவுக்கு இடமில்லை. லாய்டும் அங்கே வேறொரு பாத்திரம் அணியும் உடையாக மட்டுமே வந்திருக்கிறார். இருவரையும் ஒரே மேடையில் மோதவிட, 2006-இல் முதல் ஸ்மாஷ் ஃப்ளாஷை வெளியிட்ட மெக்லியோட் கேமிங் போன்ற ரசிகர் குழுவால்தான் முடிந்தது. ('கிங்டம் ஹார்ட்ஸ்' நாயகன் சோராவை அதிகாரபூர்வத் தொடர் 2021 அக்டோபரில்தான் சேர்த்தது, நாங்கள் அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே அவரை வைத்து ஆடிக்கொண்டிருந்தோம் என்பதில் எனக்கு இன்னும் கொஞ்சம் கர்வம் உண்டு.) 2020 இறுதியில் உலாவியில் இந்த விளையாட்டை இயக்கிய ஃப்ளாஷ் மென்பொருளுக்கான ஆதரவை அடோபி நிறுவனம் நிறுத்தியபோதும், தரவிறக்கி ஆடும் பதிப்பு இருந்ததால் எங்கள் கூட்டம் கலையவில்லை.

அந்த எதிராளியிடம் தோற்றுத்தான் லாய்டை எதிர்கொள்ளும் முறை எனக்குப் பிடிபட்டது. அலையைக் கண்டதும் குதித்தால், இறங்கும் இடத்தில் லாய்ட் வாளோடு காத்திருப்பார். தாமதம் அதிகமுள்ள இணைப்பில் அலை கிளம்புமுன்பே கேடயத்தை எழுப்பிவிட்டு, அது கடந்த பிறகு தரையிலேயே முன்னேறுவது எனக்கு நன்றாக உதவியிருக்கிறது. வேறு முறை வைத்திருப்பவர்கள் இருந்தால் எழுதுங்கள்.