நின்டெண்டோ 64: சிவப்பு விளக்கு எரிகிறது, படம் வரவில்லை. துணைக்கருவிகளில் எதை முதலில் வாங்குவது?

கேள்வி – புதுக்கட்டை

வணக்கம். பழைய நின்டெண்டோ 64 வீடியோ கேம் கன்சோல் ஒன்று கைக்கு வந்திருக்கிறது. கூடவே ஆறு ஆட்டக் கார்ட்ரிட்ஜ்: சூப்பர் மரியோ 64, மரியோ கார்ட் 64, ஆக்கரினா ஆஃப் டைம், டாங்கி காங் 64, மிஸ்டிகல் நின்ஜா கோயமோன், க்வெஸ்ட் 64. சுவிட்ச் போட்டால் முன்னால் சிவப்பு விளக்கு எரிகிறது. டிவியில் படமும் இல்லை, சத்தமும் இல்லை. எந்தக் கார்ட்ரிட்ஜைப் போட்டாலும் இதே கதிதான். வேறு டிவியில் மாட்டியும் பார்த்தாயிற்று. கன்சோலின் மேல்புறத்தில், முன்பக்கமாக ஒரு சின்ன மூடி இருக்கிறது. அதைத் திறந்தால் உள்ளே வெறும் பள்ளம்தான். அங்கே ஏதாவது இருக்க வேண்டுமா?

இன்னொன்றும் கேட்க வேண்டும். எக்ஸ்பான்ஷன் பேக், கன்ட்ரோலர் பேக், ரம்பிள் பேக், டிரான்ஸ்ஃபர் பேக் என்று வரிசையாகப் பெயர்கள் வருகின்றன. எல்லாவற்றையும் ஒரேயடியாக வாங்க முடியாது. எதில் தொடங்கலாம்?

பதில் – சாம்பல்நிறக் கார்ட்ரிட்ஜ்

உங்கள் கன்சோல் பழுதாகவில்லை என்றே நினைக்கிறேன். அந்தப் பள்ளம் காலியாக இருக்கவே கூடாது. கடையிலிருந்து வரும்போது அதில் ஜம்பர் பேக் என்ற சின்னக் கட்டை இருக்கும். அதில் கூடுதல் மெமரி எதுவும் கிடையாது. ஆனால் இந்தக் கன்சோலில் இருப்பது ராம்பஸ் வகை மெமரி. அதன் சிக்னல் ஓடும் பாதையின் கடைசியில் சரியான முடிப்பு இல்லையென்றால் சிக்னல் திரும்பி மோதிக் குழம்பிவிடும். அந்த முடிப்பைத்தான் ஜம்பர் பேக் கொடுக்கிறது. அது இல்லாவிட்டால் விளக்கு மட்டும் எரியும், ஆட்டம் தொடங்காது. நீங்கள் சொல்லும் அறிகுறி அப்படியே இதுதான். எக்ஸ்பான்ஷன் பேக்கும் அதே பள்ளத்தில்தான் உட்காரும், முடிப்பையும் அதுவே கொடுக்கும். முன்பு வைத்திருந்தவர் அதைக் கழற்றித் தனியாகக் கொடுத்திருப்பார், ஜம்பர் பேக்கைத் திரும்பப் போட்டிருக்க மாட்டார். அடிக்கடி நடப்பதுதான்.

அதனால் உங்களுக்கு முதலில் வேண்டியது எக்ஸ்பான்ஷன் பேக். ஜம்பர் பேக் வாங்கினாலும் கன்சோல் உயிர் பெறும், ஆனால் டாங்கி காங் 64 ஓடாது. கன்சோலில் இருப்பது 4 எம்பி மெமரி, எக்ஸ்பான்ஷன் பேக் இன்னொரு 4 எம்பி சேர்க்கும். 1998இல் வந்தது. 1999இல் டாங்கி காங் 64 வெளியானபோது பெட்டிக்குள்ளேயே இதையும் வைத்து விற்றார்கள், ஏனென்றால் இது இல்லாமல் அந்த ஆட்டம் தொடங்கவே தொடங்காது. 2000இல் வந்த மஜோராஸ் மாஸ்க்கும் அப்படியே. பெர்ஃபெக்ட் டார்க் ஓடும், ஆனால் கதைப் பகுதி முழுவதும் பூட்டியிருக்கும், நண்பர்களோடு சுடுகிற பகுதியில் கொஞ்சம்தான் கிடைக்கும். டுரோக் 2 போன்றவற்றில் படம் கூர்மையாகும், அவ்வளவுதான். அந்தக் கூர்மைக்காக மட்டும் இதை வாங்கச் சொல்ல மாட்டேன். கூர்மையான படத்தைத் தேர்ந்தெடுத்தால் சில ஆட்டங்களில் ஓட்டம் தடுமாறும், எனக்கு அது பிடிக்காது.

நான் எப்போதும் பார்ப்பது ஒன்றுதான்: கையில் இருக்கும் ஆட்டங்களில் எது எந்தக் கருவி இல்லாமல் முடங்குகிறது? கருவிகளின் பட்டியலிலிருந்து தொடங்கினால் பெட்டி நிறையும், விளையாட ஒன்றும் இருக்காது.

உங்கள் ஆறையும் அப்படிப் பார்த்தால் அடுத்தது கன்ட்ரோலர் பேக். மரியோ 64, ஆக்கரினா, டாங்கி காங் மூன்றும் கார்ட்ரிட்ஜிலேயே சேமித்துக்கொள்ளும். கோயமோனும் க்வெஸ்ட் 64உம் அப்படியில்லை. கன்ட்ரோலரின் பின்னால் செருகுகிற இந்த பேக் இல்லையென்றால் அணைத்ததும் எல்லாம் போயிற்று. இரண்டுமே நீளமான ஆட்டங்கள், ஒரே உட்காரலில் முடிகிற கதை இல்லை. மரியோ கார்ட் 64 தன் சாதனை நேரங்களைத் தானே வைத்துக்கொள்ளும், ஆனால் நேரத்தோடு தனியே போட்டியிடும் டைம் டிரையலில் உங்கள் ஓட்டத்தை 'கோஸ்ட்' ஆக, அதாவது பிறகு எதிர்த்து ஓட்டக்கூடிய நிழல் வண்டியாக, சேமிக்க பேக் வேண்டும். பேக்கின் இடத்தைப் பக்கக் கணக்கில் அளப்பார்கள், இருப்பது மொத்தம் 123 பக்கம். அந்தக் கோஸ்ட் கோப்பு மட்டும் 121 பக்கத்தை விழுங்கிவிடும்! கோஸ்ட் பந்தயத்தில் ஆசை இருந்தால் அதற்கென்றே தனி பேக் வைத்துக்கொள்ளுங்கள்.

ரம்பிள் பேக்கைப் பலர் வெறும் அதிர்வு என்று ஒதுக்கிவிடுகிறார்கள், எனக்கு அதில் வருத்தம் உண்டு. 1997இல் ஸ்டார் ஃபாக்ஸ் 64 உடன் வந்தது, இரண்டு ஏஏஏ பேட்டரியில் ஓடும். உங்களிடம் ஆக்கரினா இருக்கிறதே, அதில் ஸ்டோன் ஆஃப் அகனி என்று ஒரு கல் கிடைக்கும். மண்ணுக்கடியில் மறைந்திருக்கும் குழிகளின் பக்கம் போனால் கன்ட்ரோலர் கையில் நடுங்கும். திரையில் எந்த அடையாளமும் வராது. வெறும் புல்தரையில் நடந்துபோகும்போது உள்ளங்கையில் மெல்ல ஆரம்பித்து, நெருங்க நெருங்க அழுத்தமாகும். அப்புறம் அங்கேயே நின்று குண்டு வைத்துப் பார்ப்பதில் ஒரு தனி சுகம். ரம்பிள் பேக் இல்லாவிட்டால் அந்தக் கல்லால் எந்தப் பயனும் இல்லை.

கன்ட்ரோலர் பேக்கும் ரம்பிள் பேக்கும் ஒரே இடத்தில்தான் செருக வேண்டும், ஒரு நேரத்தில் ஒன்றுதான். ஆக்கரினா ஆடும்போது ரம்பிள் பேக்கைச் செருகுங்கள், கோயமோனுக்குக் கன்ட்ரோலர் பேக்காக மாற்றிக்கொள்ளுங்கள். சேமித்துக்கொண்டிருக்கும்போது மட்டும் பேக்கை உருவ வேண்டாம்.

டிரான்ஸ்ஃபர் பேக் கேம் பாய் கார்ட்ரிட்ஜ்களுக்கானது. போகிமான் ஸ்டேடியம் இருந்தால் அது அருமையான பொருள், உங்கள் கேம் பாயில் வளர்த்த போகிமான்களை டிவியில் மோதவிடலாம். இப்போதைக்கு உங்களுக்கு வேண்டாம்.

பதில் – காயின்செல்

மேலே சொன்னதெல்லாம் சரி. பழைய கன்ட்ரோலர் பேக் வாங்குவதாக இருந்தால் ஒன்றைக் கவனியுங்கள். நின்டெண்டோவின் சொந்த பேக்கில் சிஆர்2032 என்ற காசு வடிவ பேட்டரி இருக்கிறது, சேமித்த 32 கேபி தகவலும் அதை நம்பித்தான் இருக்கிறது. வந்ததும் ஒரு ஆட்டத்தைச் சேமித்து, பேக்கை உருவி, ஒரு இரவு அப்படியே வைத்துவிடுங்கள். மறுநாள் கோயமோனைப் போட்டு ஸ்டார்ட் பட்டனை அழுத்திப் பிடித்தபடியே கன்சோலை ஆன் செய்தால், பேக்கில் உள்ள கோப்புகளின் பட்டியல் வரும். காலியாக இருந்தால் பேட்டரி போய்விட்டது. மாற்றும்போது காயின் பேட்டரியின் மேல் நேராகச் சால்டர் வைக்காதீர்கள், சூட்டில் வெடிக்கலாம். இரண்டு பக்கமும் தகடு ஒட்டி வரும் வகையை வாங்குங்கள்.

ஆக்கரினா கார்ட்ரிட்ஜுக்குள்ளும் இதே மாதிரி பேட்டரிதான். அதையும் இப்போதே சோதித்துவிடுங்கள், ஆட்டத்தில் வாட்டர் டெம்பிள் கட்டம் வரை போன பிறகு தெரிய வேண்டாம்.

பதில் – புதுக்கட்டை

இருவருக்கும் மிக்க நன்றி. எக்ஸ்பான்ஷன் பேக் வந்துவிட்டது. போட்டதும் மரியோவின் முகம் டிவியில்! ஆக்கரினா இரவு முழுக்க அணைத்து வைத்த பிறகும் சேமித்தது அப்படியே இருக்கிறது. ஆனால் டாங்கி காங் மட்டும் எக்ஸ்பான்ஷன் பேக் இல்லை என்கிறது. போலியாக இருக்குமோ?

பதில் – சாம்பல்நிறக் கார்ட்ரிட்ஜ்

போலி என்று முடிவுகட்ட வேண்டாம். மரியோ வருகிறது என்றால் பாதை முடிகிறது, ஆனால் சேர்ந்த மெமரியைக் கன்சோல் பார்க்கவில்லை. பெரும்பாலும் தொடுமுனை அழுக்குதான். கன்சோலை அணைத்து, மின்சார அடாப்டரையும் கழற்றிவிட்டு பேக்கை மேலே உருவுங்கள். இறுக்கமாக இருக்கும், உலோகத்தால் நெம்ப வேண்டாம், பிளாஸ்டிக் துண்டு போதும். அடியில் உள்ள தொடுமுனைகளைப் பஞ்சுக் குச்சியில் ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்டுத் துடையுங்கள். பஞ்சு கறுப்பாக வருவது நிற்கும் வரை. நன்றாகக் காய்ந்ததும் நேராக வைத்து, அடிவரை இறங்கும்படி அழுத்துங்கள். பாதியில் நின்றாலும் உட்கார்ந்துவிட்டது போலத்தான் தோன்றும்.

விளையாடும்போது அது சூடாகும், பயப்பட வேண்டாம்.

பதில் – புதுக்கட்டை

பஞ்சு மூன்று முறை கறுத்தது, அப்புறம் வெள்ளை. டாங்கி காங் ஓடுகிறது. கோயமோனுக்காக கன்ட்ரோலர் பேக் தேடுகிறேன். மஜோராஸ் மாஸ்க் கண்ணில் பட்டால் அதற்கும் பேட்டரி பார்க்க வேண்டுமா?

பதில் – காயின்செல்

வேண்டாம். அது ஃபிளாஷ் மெமரியில் சேமிக்கிறது, உள்ளே பேட்டரியே கிடையாது. தாராளமாக வாங்குங்கள்.